உன் வாப்பா மேற்கே பார்த்துப் படுத்திருக்கிறார்

மகன், அஸ்ஸலாமு அலைக்கும். உன் சுகம், பிள்ளையின் சுகம், டோஹாவின் வெயில் எல்லாவற்றையும் பிறகு விசாரிக்கிறேன். நீ என்னிடம் ஒரு சொல் கேட்டாய். நேற்று பள்ளிவாசல் ஹஸ்ரத்தும் வந்து அதே சொல்லைத்தான் கேட்டுவிட்டுப் போனார். உன் வாப்பாவின் கபுரைத் திறந்து, அவரை மக்காவைப் பார்க்கும் சரியான கிப்லாவுக்குத் திருப்பி மறுபடி அடக்குவதா, இல்லையா? வெள்ளிக்கிழமை ஜும்ஆ தொழுகை முடிந்ததும் பள்ளிவாசல் நிர்வாகிகள் கூடுகிறார்கள். அதற்குள் நான் பதில் சொல்ல வேண்டும். மனைவி சொல்வதுதான் முடிவு என்று எல்லோரும் ஒரே குரலில் சொல்லிவிட்டார்களாம். எனக்குத் தெரிந்து நம் ஊர் ஆண்கள் ஒரு விஷயத்தை ஒரு பெண்ணின் கையில் விட்டது இதுதான் முதல் தடவை. அதுவும் பாரத்தைத் தங்கள் தலையிலிருந்து இறக்கிவைப்பதற்காக.

ஃபோனில் பேசினால் நீ குறுக்கே பேசுவாய், நான் அழுதுவிடுவேன், கடைசியில் ஒன்றும் பேசியதாக இருக்காது. அதனால்தான் எழுதுகிறேன். கடிதத்தை மூடாமலே அனுப்புகிறேன். உன் தங்கச்சி படம் பிடித்து உனக்கு அனுப்புவாள். தாளை உன் பெரிய வாப்பா வாசித்துவிட்டு ஹஸ்ரத்திடம் கொடுப்பார். வீட்டுக்குள் முடிக்க வேண்டிய பேச்சை நீயும் பெரிய வாப்பாவும் அடக்கத்தின்போது மையவாடியில் ஊர் பார்க்கப் பேசினீர்கள். ஆகவே என் பதிலையும் ஊர் வாசிக்கட்டும். கூச்சம் ஒன்றும் இல்லை. ஓய்வுபெறும் வரை தமிழ் படிப்பித்தவள் நான். இந்த ஊரில் பாதிப்பேர் என் கையால் பிழை திருத்தப்பட்டவர்கள்தான்.

நான் இத்தாவில் இருக்கிறேன். கணவனை இழந்தவள் நாலு மாதமும் பத்து நாளும் வீட்டோடு இருக்கும் காலம் இது. வெளி ஆண்கள் முன்னால் வருவதில்லை. உன் வாப்பாவின் மூத்த சகோதரர், இத்தனை காலம் இந்த வீட்டில் உரிமையோடு தேநீர் கேட்டுக் குடித்தவர், அவர்கூட இப்போது அறைக் கதவுக்கு அந்தப் பக்கம் கதிரையைப் போட்டுக்கொண்டுதான் என்னோடு பேசுகிறார். நம் பெண்கள் மையவாடிக்குப் போவதும் இல்லை. அன்று அங்கே நடந்ததில் பாதியை நீ ஃபோனில் சொன்னாய், மீதியை அவர் கதவுக்கு அப்பால் இருந்து சொன்னார். வகுப்பில் பிள்ளைகளின் சண்டையை விசாரித்து விசாரித்துப் பழகிப்போன எனக்கு, இரண்டு பாதியையும் சேர்த்து முழுதாகப் பார்ப்பது பெரிய கஷ்டமாக இருக்கவில்லை.

உனக்காகப் பிற்பகல் அஸர் தொழுகை வரைக்கும் வாப்பாவை வைத்திருந்தார்கள். அதன் பிறகு வானம் இருட்டிக்கொண்டு வந்தது. கலகெதர மழை உனக்குத் தெரியும், தோண்டிய குழியில் தண்ணீர் நின்றுவிட்டால் மையித்தை எப்படி இறக்குவது? பெரிய வாப்பா ஜனாஸாவைத் தூக்கச் சொன்னார். அந்த நேரம் கட்டுநாயக்கவில் இருந்து நீ வந்த வேன் குருநாகலைத் தாண்டி மலை ஏறிக்கொண்டிருந்தது. வீட்டுக்கு வராமல் நேரே மையவாடிக்குப் போனாய். நீ போய்ச் சேர்ந்தபோது வாப்பாவை இறக்கி, வலப்பக்கமாகச் சாய்த்து, கன்னத்தை மண்ணில் வைத்து, மேலே பலகை அடுக்கத் தொடங்கியிருந்தார்கள். நீ நெருங்கிக் குழியைக் குனிந்து பார்த்தாயாம். பிறகு பொக்கெட்டிலிருந்து ஃபோனை எடுத்தாயாம்.

"இது கோணல். கிப்லா இந்தப் பக்கம் இல்ல. தலைமாட்ட ரெண்டடி கிழக்கால எடுக்கணும்" என்று சொல்லியிருக்கிறாய்.

"ஃபோன உள்ளுக்கு வை மகன். மையித்துக்கு முன்னால எனத்த இது?"

"பள்ளிக்குள்ள ஸஃப் கோடு போட்டீக்கிறது எந்தப் பக்கம் பெரிய வாப்பா? அதையும் பாருங்க, இதையும் பாருங்க. ஒங்களுக்கே வெளங்கும்."

"எங்கட வாப்பா, அவங்கட வாப்பா, எல்லாரும் இந்த வரிசையிலதான் மேக்க பாத்துப் படுத்தீக்கிறாங்க. அப்ப அவங்க எல்லாரும் கோணலா?"

"ஓ, கோணல்தான்" என்றாய் நீ.

மகன், அந்த ஒரு வார்த்தையைச் சொல்லும்போது உன்னைச் சுற்றி நின்றவர்களை நீ பார்த்தாயா? அங்கே நின்ற ஒவ்வொருவருக்கும் அந்த மண்ணுக்குள் சொந்தம் ஒன்று இருக்கிறது. ஒருவருக்கு உம்மா, ஒருவருக்குப் பிறந்த அன்றே போன குழந்தை. நீ வாப்பாவைப் பற்றித்தான் சொன்னாய். ஆனால் ஒரு மையவாடியையே கோணல் என்று சொல்லிவிட்டாய். மழை பிடித்துக்கொண்டது, பெரிய வாப்பா "போடுங்க மண்ண" என்று கத்தினார், நீ திரும்பி நடந்துவிட்டாய். அடுத்த நாளுக்கு அடுத்த நாள் விமானம் ஏறியும் விட்டாய். அன்றிலிருந்து நீ அழைக்கும் போதெல்லாம் ஒரே பேச்சு. "உம்மா, வாப்பா கோணலாப் படுத்தீக்கிறாங்க. நீங்க ஒரு வார்த்த செல்லுங்க." நான் சாப்பிட்டேனா என்றுகூட நீ கேட்பதில்லை.

முதலில் உனக்குச் சேர வேண்டியதை உனக்குத் தந்துவிடுகிறேன். திசை விஷயத்தில் நீ சொன்னது சரி. உன் தங்கச்சியின் ஃபோனை என் தொழுகை விரிப்பான முஸல்லாவின் மேல் வைத்துப் பார்த்தேன். அம்பு நேர் மேற்கே நிற்கவில்லை, வலப்பக்கமாக, வடக்கை நோக்கி நன்றாகவே சாய்ந்து நின்றது. இந்த வீட்டுக்குக் குடிவந்த நாளில் இருந்து நான் தொழுத இடம் அது. இப்போது முஸல்லாவைச் சாய்த்துத்தான் விரிக்கிறேன். அறை சின்னது, ஸுஜூதுக்குப் போனால் தலை அலுமாரியின் காலில் இடிக்கிறது. கட்டிலைத் தள்ளிப் போடச் சொல்லித் தங்கச்சியிடம் சொன்னேன். "இவ்வளவு நாளும் தொழுதது என்னவாகும் உம்மா?" என்று அவள் கேட்டாள். அல்லாஹ் ஏற்றுக்கொள்வான் என்று சொன்னேன். சொல்லிவிட்டு நானே அதைத் திரும்பத் திரும்ப எனக்குச் சொல்லிக்கொண்டிருக்கிறேன்.

இதில் எனக்குத் தனியாக ஒரு வேதனை உண்டு. அது தமிழ் டீச்சரின் வேதனை, உனக்குச் சிரிப்பாகக்கூட இருக்கலாம். மேல் என்பதிலிருந்து மேற்கு, கீழ் என்பதிலிருந்து கிழக்கு என்று எத்தனை வகுப்புக்குப் படிப்பித்திருப்பேன்! தமிழ்நாட்டில் ஒரு பக்கம் நெடுக மலை, மறுபக்கம் கடல். மலை இருக்கும் மேட்டுப் பக்கத்தை மேற்கு என்றார்கள், நிலம் தாழ்ந்து கடலுக்கு இறங்கும் பக்கத்தைக் கிழக்கு என்றார்கள். குணக்கு, குடக்கு என்று வேறு பழைய சொற்களும் இருந்தன, அவை செய்யுளோடு நின்றுவிட்டன. ஊர் வாயில் நிலைத்தது மேடும் பள்ளமும்தான். புத்தகத்தில் இருந்ததை அப்படியே கரும்பலகையில் எழுதிப்போட்டு, பிள்ளைகள் எழுதி முடிக்கும் வரை ஜன்னல் பக்கம் நின்றுகொண்டிருப்பேன்.

எனக்கு முதல் நியமனம் ஹுன்னஸ்கிரியவில், தோட்டப் பள்ளிக்கூடம் ஒன்றில். அங்கே பள்ளிக்கூடத்துக்குக் கிழக்கே பெரிய மலை. காலைக் கூட்டம் முடிந்து முதல் பாடம் தொடங்கும்போதுதான் சூரியன் அந்த மலைக்கு மேலே தலைகாட்டும். நான் கிழக்கு என்றால் கீழ் என்று எழுதிப்போட்டதும், முன்வரிசையில் இருந்த ஒரு பெண்பிள்ளை எழுந்து நின்றாள். "எங்களுக்குச் சூரியன் மேலருந்துதானே டீச்சர் வருது? கெழக்குன்னா கீழன்னு போட்டிருக்கீங்க?" என்றாள். நான் தமிழ்நாட்டு மலையையும் கடலையும் விளக்கினேன். அவள் கொஞ்சம் யோசித்தாள். "அப்ப எங்க ஆளுங்க அங்கருந்து வர்றப்ப மலைய விட்டுட்டு பேர மட்டும் தூக்கிட்டு வந்துட்டாங்களா டீச்சர்?" என்று கேட்டாள். வகுப்பே சிரித்தது, நானும் சிரித்தேன். மேலே யோசிக்கவில்லை. அப்போது எனக்குக் கல்யாணப் பேச்சு நடந்துகொண்டிருந்தது, யோசிக்க வேறு விஷயங்கள் இருந்தன.

நம் ஊரிலும் அதே கதைதான். கலகெதரவில் இருந்து சூரியன் உதிக்கும் பக்கம் கண்டிக்குப் போகும் ஏற்றம், சாயும் பக்கம் குருநாகலுக்குப் போகும் இறக்கம். மேற்கு என்று சொல்லிக்கொண்டு பள்ளத்தைப் பார்க்கிற ஊர் நம் ஊர். இந்த வீடு கட்டும்போது நடந்ததை வாப்பா உனக்குச் சொல்லியிருப்பார், அவர் சொல்லாத ஆள் கிடையாது. மேசன் பாஸ் கழிவறைக் கோப்பையை மேற்கே பார்க்க வைத்துப் பூசிவிட்டார். வாப்பா கடையை மூடிவிட்டு வந்து பார்த்தவர், அதை அந்த இடத்திலேயே உடைக்கச் சொன்னார். பாஸ் பயந்துபோய்விட்டார். "பஸ்நாஹிர பக்கம் வச்சா என்ன முதலாளி?" என்றார். சிங்களத்தில் பஸ்நாஹிர என்றால் சூரியன் இறங்கும் பக்கம். அவருக்கு அதில் ஒரு குற்றமும் தெரியவில்லை. "அது எங்கட கிப்லா பாஸ். அந்தப் பக்கம் பாத்து எப்பிடி ஒக்காருற?" என்று வாப்பா சொன்னதும் பாஸ் தலையில் கைவைத்துக்கொண்டு மன்னிப்புக் கேட்டார். அதன் பிறகு வேலை முடியும் வரை ஒரு ஜன்னல் வைப்பதென்றாலும் "முதலாளி, இந்தப் பக்கம் பரவாயில்லையா?" என்று கேட்டுவிட்டுத்தான் வைப்பார். அன்றைக்கு வாப்பா சாப்பிட உட்கார்ந்துகொண்டு என்னைச் சீண்டினார். "பாஸுக்கு அது சூரியன் எறங்குற பக்கம், ஒனக்கு மேடு, எனக்கு கஃபா. ஒரு பக்கத்துக்கு எத்தன பேரு பாரு."

உன் கட்டிலை எத்தனை தடவை மாற்றிப் போட்டிருப்போம், நினைவிருக்கிறதா? மேற்கே கால் நீட்டிப் படுத்தாய் என்று வாப்பா உன்னைத் தூக்கத்திலேயே திருப்பிப் போடுவார். நீ காலையில் எழும்பி, தலை எங்கே கால் எங்கே என்று தெரியாமல் விழிப்பாய். இப்போது நினைத்துப் பார்க்கிறேன். நாங்கள் இவ்வளவு அதபோடு, மரியாதையோடு காத்துவந்தது எதை? கஃபாவின் பக்கத்தையா, யாரோ ஒரு காலத்தில் ஒரு மலையைப் பார்த்து வைத்த சொல்லையா? அஸ்தஃபிருல்லாஹ், அல்லாஹ் என்னை மன்னிக்கட்டும். கப்பலில் வந்தவர்களும் கால்நடையாக வந்தவர்களும் சூரியன் சாயும் பக்கம்தான் மக்கா என்று சொன்னார்கள். பெரும்பாலும் அது சரிதான். அந்தப் பக்கத்துக்கு நம் நாக்கில் ஏற்கெனவே ஒரு பெயர் இருந்தது. மேற்கே பார்த்துத் தொழு, மேற்கே பார்த்து அடக்கு என்று சொல்லிச் சொல்லி, மேற்குதான் கிப்லா என்று ஆகிவிட்டது. கொஞ்சம் சாய்வு இருக்கிறதே என்று யாரும் பார்க்கவில்லை.

பிறகு பார்த்தார்கள்தான். பள்ளிவாசலைப் புதுப்பித்தபோது கருவி வைத்துப் பார்த்து, தொழுகைக்கு வரிசையாக நிற்கும் ஸஃப் கோடுகளைச் சுவருக்குச் சாய்வாகப் போட்டார்கள். உன் வாப்பா அப்போது நிர்வாகத்தில் இருந்தார். முதல் நாள் தொழுதுவிட்டு வந்து, "காலு பழைய பக்கமே போகுது. பக்கத்துல நின்ட ஆள இடிச்சிட்டேன்" என்று புலம்பினார். பிறகு பழகிவிட்டார். ஆக, உயிரோடு இருந்தவர்களை எல்லாம் திருப்பிவிட்டார்கள். மையவாடியை யாரும் நினைக்கவில்லை. அங்கே வரிசை ஏற்கெனவே ஓடிக்கொண்டிருந்தது, இடம் ஒடுக்கம், அடுத்த கபுரை முந்தைய கபுருக்குப் பக்கத்தில் நூல் பிடித்துத் தோண்டுவதுதான் வழக்கம். ஐந்து வேளையும் சாய்ந்து நின்று தொழுதுவிட்டு, ஒருவர் போய்விட்டால் அவரைக் கொண்டுபோய்ப் பழைய மேற்குக்கு நேராக வைத்தார்கள். உன் வாப்பாவும் அப்படி எத்தனையோ பேரை இறக்கி வைத்திருக்கிறார். அவருக்கும் தோன்றவில்லை. இது பொல்லாத மறதி, அதில் உனக்குக் கோபம் வந்ததில் எனக்கு ஆச்சரியம் இல்லை.

கதவுக்கு இந்தப் பக்கம் இருந்தே ஹஸ்ரத்திடம் நேராகக் கேட்டேன். அவர் பூசி மெழுகவில்லை. "பக்கம் சரியா ஈந்தா போதும்னு செல்ற ஆலிம்களும் ஈக்கிறாங்க டீச்சர், நேரா கஃபாவுக்கே ஈக்கணும்னு செல்ற ஆலிம்களும் ஈக்கிறாங்க. நாங்க ஒன்ட செஞ்சா மத்தது பிழைன்னு ஆகாது. ஒங்கட மனசு எதுல ஆறுதோ அதச் செல்லுங்க" என்றார். என் மனசு எதிலும் ஆறவில்லை என்று அவரிடம் எப்படிச் சொல்வது? மௌத்தான மனிதரின் முகம் எந்தப் பக்கம் இருக்கிறது என்று யோசித்துக்கொண்டே சோறு பிசைகிறேன். சில வேளை நீ சொன்னபடியே திறக்கச் சொல்லிவிடலாம் என்று தோன்றுகிறது. அடுத்த நிமிடமே, இவ்வளவு மழைக்குப் பிறகு அந்தப் பலகையைத் தூக்கினால் உள்ளே என்ன இருக்கும் என்ற நினைப்பு வருகிறது. எனக்குப் பயமாக இருக்கிறது மகன். கபன் துணியை மூடும் முன் நான் பார்த்த முகம், நெற்றியில் அத்தர் பூசியிருந்த அந்த முகம், அதுதான் கடைசி முகமாக என்னோடு இருக்க வேண்டும்.

பெரிய வாப்பாவைப் பற்றியும் நீ தெரிந்துகொள்ள வேண்டும். அவர் பிடிவாதக்காரர்தான், அதை அவர் வாசிக்கும் கடிதத்திலேயே எழுதுகிறேன். ஆனால் போன கிழமை கதவுக்கு அந்தப் பக்கம் வந்து உட்கார்ந்தார். தங்கச்சி வைத்த தேநீரைத் தொடவில்லை. பிறகு, "புள்ள, அவன் செல்றது சரியா ஈக்கலாம். தம்பியத் திருப்பிட்டா எங்கட வாப்பாவ நான் எனத்த செய்ற? உம்மாவ எனத்த செய்ற?" என்றார். அவர் அழுவது கேட்டது. எனக்கும் அவருக்கும் நடுவில் ஒரு கதவு, எழுந்துபோய் ஒரு தண்ணீர்க் கோப்பைகூட என்னால் நீட்ட முடியவில்லை. அன்று மையவாடியில் அவர் கத்தியது உன்மேல் இருந்த கோபத்தால் இல்லை. நீ காட்டிய அந்தச் சின்னத் திரையில், தன் உம்மாவும் வாப்பாவும் இத்தனை காலமும் திசை தவறிக் கிடப்பதாக அவருக்குத் தெரிந்திருக்கிறது. உன் மகனும் வளர்ந்து ஒருநாள் வேறு ஏதாவது கருவியைக் கொண்டுவந்து, நீ செய்ததெல்லாம் கோணல் என்று சொல்லத்தான் போகிறான். அன்றைக்கு உனக்குச் சுரீர் என்று வரும். அப்போது உன் பெரிய வாப்பாவை நினைத்துக்கொள்.

இனி என் பதிலுக்கு வருகிறேன். நீ சின்னப் பிள்ளையாக இருந்தபோது கடைக்குச் சாமான் எடுக்க வாப்பா கொழும்புக்குப் போகும்போது நம்மையும் ஒரு தடவை ரயிலில் கூட்டிப்போனார். கடுகண்ணாவையைத் தாண்டும்போதே ளுஹர் தொழுகை நேரம் போய்விடும் போலிருந்தது. பெட்டியில் கூட்டம், எழுந்து நிற்க இடமில்லை. சன்னலுக்கு வெளியே சூரியனைப் பார்த்து, ஏதோ கணக்குப் போட்டு, இருக்கையில் ஒரு பக்கமாகத் திரும்பி உட்கார்ந்து தக்பீர் கட்டினார். ரயில் மலையைச் சுற்றி வளைந்து வளைந்து இறங்கியது. நீ ஜன்னலையும் அவரையும் மாறி மாறிப் பார்த்துக்கொண்டிருந்தாய். அவர் ஸலாம் கொடுத்ததும் பிடித்துக்கொண்டாய். "வாப்பா, நீங்க கிப்லாவப் பாக்கல்ல. வேற பக்கம் பாத்துத் தொழுதிட்டீங்க." பெட்டியில் இருந்தவர்கள் சிரித்தார்கள். வாப்பாவுக்குக் கோபம் வரவில்லை. "நான் தக்பீர் கட்டுறப்ப சரியாத்தான் ஈந்தேன் மகன். பொறகு திரும்பினது ரயிலு" என்றார். நீ அதை ஏற்கவில்லை. ரம்புக்கனை வரும் வரைக்கும் அவரோடு வாதாடினாய். அந்த வாதாட்டம் இன்னும் முடியவில்லை என்றுதான் எனக்குத் தோன்றுகிறது.

அந்த மனிதரை நான் அறிவேன். அவர் தொழுகைக்கு நின்றபோதெல்லாம் தனக்குத் தெரிந்த மட்டில் சரியாக நின்றார். கோடு மாறியபோது முணுமுணுத்துக்கொண்டே திரும்பியும் நின்றார். தானாகத் திரும்ப முடியாத நிலைக்கு வந்தபோது மற்றவர்கள் அவரை வைத்தார்கள், அவர்களும் தங்களுக்குத் தெரிந்த மட்டில்தான் வைத்தார்கள். படைத்த ரப்பு அவரிடம் கேட்டால் சொல்வதற்கு அவருக்குப் பதில் இருக்கும். ஆகவே கபுரைத் திறக்க நான் சம்மதிக்கவில்லை. இது என் வாயால் வந்த முடிவு, பெரிய வாப்பா சொல்லித் தந்தது இல்லை. நிர்வாகிகளுக்கும் சேர்த்து ஒன்று சொல்கிறேன். மையவாடியில் மேற்பக்கம் காடாகக் கிடக்கும் துண்டைத் துப்புரவு செய்து, இனி வரும் கபுர்களை என் மகன் சொன்ன கோணத்தில் தோண்டுங்கள். அவன் சொன்ன நேரம் பிழையாக இருக்கலாம், சொன்ன விஷயம் பிழை இல்லை. இது சரியா, தவறா, எனக்கு உறுதியாகத் தெரியாது. நாளை மறுமையில் இதற்கு நான்தான் பொறுப்பு என்பது மட்டும் தெரியும், அந்தப் பயத்தோடுதான் எழுதுகிறேன்.

உனக்கு இது போதாது என்று தெரியும். மகன், உன்னைப் பெற்றவள் நான், உன்மேல் கோபப்படாமல் ஒன்றைச் சொல்கிறேன், கேள். வாப்பாவைக் குளிப்பாட்டியது பெரிய வாப்பாவும் அவர் பிள்ளைகளும். கபன் இட்டது அவர்கள். சந்தூக்குப் பெட்டியைத் தோளில் சுமந்தது ஊர். குழிக்குள் இறங்கி அவரை ஏந்தியது வேறு யாரோ ஒருவரின் கை. விமானத்தில் அவ்வளவு நேரம் உட்கார்ந்து, அழக்கூட இடமில்லாமல் வந்து இறங்கிய உனக்கு அவர் முகம்கூட மிச்சம் இருக்கவில்லை. ஒரே மகன், செய்வதற்கு ஒன்றும் இல்லாமல் எல்லோருக்கும் பின்னால் வந்து நின்றாய். உன் கையில் இருந்தது அந்த ஃபோன்தான், அதை வைத்து எதையாவது செய்யப் பார்த்தாய். நீ அதைக் கொண்டு கிப்லாவைத்தான் தேடினாய் என்று ஊர் நினைக்கிறது. உன் வாப்பாவுக்குச் செய்ய ஏதாவது ஒன்று மிச்சம் இருக்கிறதா என்று தேடினாய் என்று நான் நினைக்கிறேன். கபுரைத் திறந்து திருப்பினாலும் நீ தவறவிட்ட அந்த நேரம் உனக்குத் திரும்பக் கிடைக்காது மகன்.

பெரிய வாப்பா தயங்கித் தயங்கி இன்னொன்றும் சொன்னார். எல்லோரும் மூன்று கைப்பிடி மண் போட்டார்கள், உன் கையால் ஒரு பிடிகூட விழவில்லை என்று. நீ இதை என்னிடம் சொல்லவே இல்லை. நானும் இத்தனை நாள் கேட்கவில்லை.

நேற்று ஹஸ்ரத் போகும்போது, பெய்த மழைக்குக் கபுர் நடுவில் நன்றாக இறங்கிவிட்டது, மண் போட்டு நிரப்ப வேண்டும் என்று சொன்னார். ஆள் அனுப்புவதாகப் பெரிய வாப்பா சொன்னார். நான் வேண்டாம் என்று சொல்லிவிட்டேன். அவர் பிள்ளைகளும் தொடக்கூடாது, கூலிக்கு ஆளும் வரக்கூடாது, என் மகன் வந்து நிரப்புவான் என்று கதவுக்கு இந்தப் பக்கம் இருந்து கொஞ்சம் சத்தமாகவே சொன்னேன். கோபம் ஆறித்தான் வர வேண்டும் என்று இல்லை, கோபத்தோடேயே வா. பெரிய வாப்பாவோடு பேச வேண்டாம் என்றால் பேசாதே. இங்கே மழை இன்னும் விடவில்லை மகன், உன் வாப்பாவின் மேல் பள்ளம் விழுந்து கிடக்கிறது.